காசி ராஜா எதற்கு?

'மதுரை வீரன்' சினிமாவைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லாரும் தவறாமல் ஒன்றைச் சொல்லிவிடுகிறார்கள்: சக்கிலியர் வீட்டுப் பிள்ளையைக் கதாநாயகனாக்கிய புரட்சிப் படமாம் அது. திராவிட இயக்கத்துக்காரர்கள் சொல்கிறார்கள், சரி, அவர்கள் வீட்டுப் படம். இடதுசாரித் தோழர்களும் சொல்கிறார்கள். நம்மில் சிலரும் மேடையில் மைக்கைப் பிடித்ததும் அதையே சொல்கிறார்கள். எனக்கு ஒரே ஒரு சந்தேகம்தான். இவர்களெல்லாம் படத்தை நடுவிலிருந்து பார்த்தார்களா? டெண்ட் கொட்டகையில் டிக்கெட் கிடைக்காமல் லேட்டாக உள்ளே போனவர்களா?

முதலிலிருந்து பார்த்தவர்களுக்குத் தெரியும். 1956 ஏப்ரலில் வந்த படம். லேனா செட்டியாரின் கிருஷ்ணா பிக்சர்ஸ் தயாரிப்பு, யோகானந்த் டைரக்சன், வசனம் கண்ணதாசன். எம்.ஜி.ஆர்., பானுமதி, பத்மினி. இந்தப் படத்தில் வீரன் யாருடைய பிள்ளை? காசி ராஜாவின் பிள்ளை. கழுத்தில் மாலை சுற்றிப் பிறந்த குழந்தை நாட்டுக்கு ஆகாது என்று ஜோசியன் சொல்ல, காட்டில் கொண்டுபோய்ப் போட்டுவிடுகிறார்கள். செருப்புத் தைக்கிற என்.எஸ்.கிருஷ்ணனும் டி.ஏ.மதுரமும் எடுத்து வளர்க்கிறார்கள். ஆக, வீரம் காசி ராஜாவினுடையது, வாள் பிடிக்கிற கை காசி ராஜாவினுடையது, பாளையக்காரன் மகள் பொம்மி மயங்குகிற அழகும் காசி ராஜாவினுடையது. நம் பங்குக்கு என்ன கொடுத்தார்கள்? பால் ஊற்றி வளர்த்த செலவு. அதோடு கொஞ்சம் சிரிப்பு. என்.எஸ்.கே.யும் மதுரமும் தமிழ்நாட்டையே சிரிக்கவைத்தவர்கள், அவர்கள் மேல் எனக்குக் கோபமில்லை. செருப்புத் தைக்கிற குடும்பம் என்றதும் அந்த வேடத்துக்கு நகைச்சுவை ஜோடியைக் கூப்பிட்டார்களே, அந்தப் புத்தி யாருடையது என்றுதான் கேட்கிறேன்.

கவனியுங்கள், இது 1956. எம்.ஜி.ஆர். திராவிட முன்னேற்றக் கழகத்தில் சேர்ந்து மூன்று வருஷம் ஆகியிருந்தது. கண்ணதாசனும் அப்போது அந்தக் கட்சிதான். ஊர் ஊராகப் போய் ஜோசியம் பொய், புராணம் பொய், பிறவி உயர்வு பொய் என்று பேசியவர்கள். அவர்கள் எடுத்த படத்தில் ஜோசியன் சொன்னது எல்லாம் பலிக்கிறது, பிறவி உயர்வு ரத்தத்தில் ஓடுகிறது! மேடையில் ஒன்று, திரையில் ஒன்று.

"இது படக்காரர்கள் சேர்த்தது இல்லையே, பழைய கதைப்பாடலிலேயே காசி ராஜா இருக்கிறாரே" என்று ஒரு பதில் வரும். உண்மைதான். சந்தைகளில் விற்ற 'பெரிய எழுத்து' புத்தகங்களிலேயே காசி ராஜா ஏறி உட்கார்ந்துவிட்டார். அந்தக் கதைப்பாடலின் சரித்திர லட்சணத்தையும் கொஞ்சம் பார்த்துவிடுவோம். அதில் திருச்சியில் விஜயரங்க சொக்கநாதர் ஆளுகிறார், மதுரையில் திருமலை நாயக்கர் ஆளுகிறார். வீரன் இவரிடமும் வேலை பார்க்கிறான், அவரிடமும் வேலை பார்க்கிறான். திருமலை நாயக்கர் ஆண்டது 1623 முதல் 1659 வரை. விஜயரங்க சொக்கநாதர் பட்டத்துக்கு வந்தது 1706. ஐம்பது வருஷ இடைவெளியை வீரன் ஒரே குதிரையில் தாண்டிவிடுகிறான். படித்த சரித்திரக்காரர்கள் இதைப் பார்த்துச் சிரிக்கிறார்கள், "வாய்மொழிக் கதை, அப்படித்தான் இருக்கும்" என்கிறார்கள். அப்படிச் சிரிக்கிறவர்கள் காசி ராஜா விஷயம் வந்ததும் வாயை மூடிக்கொள்கிறார்கள். திருச்சியும் மதுரையும் கலந்துபோனது பாமரன் செய்த குழப்பமாம், காசி மட்டும் கல்வெட்டாம்!

ஒட்டுவேலை எப்படி நடக்கும் என்பதற்கு நம்மிடம் சாட்சி இருக்கிறது. முத்துப்பட்டன் கதை. முத்துப்பட்டன் பார்ப்பான். பொம்மக்கா, திம்மக்கா என்ற சக்கிலியப் பெண்கள் இரண்டு பேரைக் கல்யாணம் செய்துகொண்டு, பூணூலை அறுத்துப் போட்டுவிட்டுச் செருப்புத் தைக்க உட்கார்ந்தவன். மாட்டைக் கொள்ளையடிக்க வந்தவர்களோடு சண்டை போட்டுச் செத்தவன். நெல்லைப் பக்கம் அவன் தெய்வம். பின்னால் வந்தவர்கள் என்ன செய்தார்கள்? அந்தப் பெண்கள் உண்மையில் பார்ப்பனக் குழந்தைகள், காட்டில் கிடந்தவர்களைச் சக்கிலியர் எடுத்து வளர்த்தார் என்று ஒரு முன்கதையை ஒட்டினார்கள். நா.வானமாமலை அந்தக் கதைப்பாடலைப் பதிப்பிக்கும்போது இந்த ஒட்டைச் சுட்டிக் காட்டினார். அதே ஃபார்முலா. காட்டில் ஒரு குழந்தை, தற்செயலாய் ஒரு சக்கிலியர், கடைசியில் ரத்தம் சுத்தம். காத்தவராயன் கதையையும் எடுங்கள். சேரியில் வளர்ந்தவன், பார்ப்பனப் பெண் ஆரியமாலையைக் காதலித்தான், கழுவில் ஏற்றினார்கள். அவன் யார்? சிவபெருமான் மகனாம், சாபமாம். 1941இல் பி.யு.சின்னப்பா நடித்து 'ஆரியமாலா' என்று வந்தது, 1958இல் சிவாஜி நடித்து 'காத்தவராயன்' என்று வந்தது. கழுமரம் இரண்டு தரம் சினிமாவுக்கு வந்தும் சேரிக்காரன் சேரிக்காரனாகவே அதில் ஏற முடியவில்லை. மேல் சாதிப் பெண்ணைத் தொட்டவன் கீழ் சாதி என்று ஒப்புக்கொண்டால், தொட முடியும் என்பது நிரூபணம் ஆகிவிடுமே!

காரணம் இதோடு நிற்கவில்லை. இன்னும் ஒன்று இருக்கிறது, அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

சட்டத்தை மீறிப் போனவனின் கதை என்பது உலகம் முழுக்க ஒரு விழுகிற கதை. ஒருவன் ஊருக்குள் மரியாதையாய் இருப்பான். அநியாயம் நடக்கும். அவன் கை ஓங்குவான். ஊரை விட்டுக் காட்டுக்குப் போவான். உள்ளே இருந்தவன் வெளியே போகிறான், மேலே இருந்தவன் கீழே விழுகிறான், அதுதான் நாடகம். ஊருக்கு வெளியிலேயே பிறந்தவனுக்கு இந்த நாடகத்தை எப்படி எழுதுவது? அவன் எங்கிருந்து விழுவான்? சேரி என்பதே புறம். அவன் கிணற்றில் வாளியை விட்டாலே சட்ட மீறல், தெருவில் செருப்புப் போட்டு நடந்தாலே கலகம். மற்றவன் இருபது வயதில் சட்டத்துக்கு வெளியே போகிறான், இவன் தொப்புள்கொடி அறுக்கும்போதே வெளியே இருக்கிறான். இவனை வைத்துக் கதை சொல்ல வேண்டுமானால் முதலில் இவனை உள்ளே கொண்டுவந்து உட்காரவைக்க வேண்டும். அதற்குத்தான் காசியில் ஒரு சிம்மாசனம் வாங்கிப் போடுகிறார்கள். விழுவதற்கு ஒரு உயரம் வேண்டுமே.

'மலைக்கள்ளன்' 1954. நாமக்கல் கவிஞர் நாவல், கருணாநிதி வசனம், ஜனாதிபதி பரிசு வாங்கிய படம். அங்கேயும் மலையில் திரிகிற கள்ளன் உண்மையில் கள்ளன் இல்லை, நல்ல குடும்பத்துப் பிள்ளை. தமிழ் சினிமாவில் கள்ளனாக இருப்பதற்குக்கூட நல்ல குடும்பம் வேண்டும்.

ஜப்பானியப் படங்களைப் பற்றி இங்கே திரைப்படச் சங்கங்களில் நிறையப் பேசுவார்கள். ஒளி, நிழல், மௌனம், ஜென் என்று. நான் வேறு விஷயத்துக்காக ஜப்பானுக்குப் போகிறேன். குனிசதா சூஜி என்று ஒருத்தன். 1810இல் கோசுகே என்ற பகுதியில் ஒரு குடியானவன் வீட்டில் பிறந்தவன். சூதாட்டக் கும்பலுக்குத் தலைவன், அரசாங்கத்தால் தேடப்பட்டவன். பஞ்ச காலத்தில் ஏழைகளுக்குக் கொடுத்தான் என்று நாட்டுப்புறத்தில் கதை. 1851இல் அவனை மரத்தில் கட்டி ஈட்டியால் குத்திக் கொன்றார்கள். அந்தக் கதையை டைசுகே இட்டோ 1927இல் மூன்று பாகமாகப் பேசாத படமாக எடுத்தார், 'சூஜியின் பயண நாட்குறிப்பு' என்று. டெஞ்சிரோ ஒகோச்சி சூஜியாக நடித்தார். படம் வெகுகாலம் தொலைந்துபோய், 1991இல் கொஞ்சம் பகுதிகள் மட்டும் கிடைத்தன. கடைசிப் பாகத்தில் நோயில் கைகால் விளங்காமல் படுத்த படுக்கையாய்க் கிடக்கிறவனைச் சுற்றி வளைத்துப் பிடிக்கிறார்கள். வாளைத் தூக்க முடியாத வீரன்! மாறுகால் மாறுகை வாங்கப்பட்டு மதுரையில் கிடந்த நம் வீரன் ஞாபகம் வரவில்லையா?

கவனிக்க வேண்டியது இதுதான். சூஜிக்கு ஜப்பான் சக்கரவர்த்தி அப்பாவாக வரவில்லை. அவன் குடியானவன் மகன். குடியானவன் மகனாகவே கொள்ளைக்காரன், குடியானவன் மகனாகவே சாகிறான், ஜனங்கள் அழுதார்கள். தியேட்டர் இடிந்து விழவில்லை.

இன்னொன்று. குரோசாவாவின் 'ஏழு சாமுராய்', 1954. நம் 'மலைக்கள்ளன்' வந்த அதே வருஷம். அதில் ஏழாவது ஆள் கிக்குச்சியோ. மிஃபுனே நடித்தது. குடித்துவிட்டு வந்து, நானும் சாமுராய்தான் என்று ஒரு வம்சாவளிச் சுருளை எடுத்துக் காட்டுவான். வாசித்துப் பார்த்தால் அந்தச் சுருளில் இருக்கிறவனுக்கு வயது பதின்மூன்று! எங்கேயோ திருடிய சுருள். எல்லாரும் விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். பிறகு தெரிகிறது, அவன் குடியானவன் பிள்ளை. குடியானவர்களை இப்படி ஆக்கியதே நீங்கள்தானடா என்று சாமுராய்களைப் பார்த்துக் கத்துகிறான், அவர்கள் தலை குனிகிறார்கள். அவன் செத்த பிறகு மற்றவர்களுக்கு நட்ட மாதிரியே அவன் புதைமேட்டிலும் வாள் நடுகிறார்கள். சுருள் பொய், ஆள் நிஜம்.

இரண்டு வருஷம் கழித்து நம் ஊரில் எடுத்த படத்தில் சுருள்தான் நிஜம், ஆள் பொய். கிக்குச்சியோவின் கையில் இருந்த அந்தத் திருட்டுச் சுருளைத்தான் நாம் மதுரை வீரன் கழுத்தில் மாலையாய்ப் போட்டு, கைதட்டிக்கொண்டிருக்கிறோம்.

ஜப்பான்காரன் யோக்கியன் என்று சான்றிதழ் கொடுக்க நான் வரவில்லை. அங்கேயும் சேரி உண்டு. தோல் வேலை, பிணம் தூக்குகிற வேலை, தண்டனை நிறைவேற்றுகிற வேலை என்று தலையில் கட்டி, எதா, ஹினின் என்று பேர் வைத்து ஒதுக்கிய ஜனங்கள். 1871இல் அந்தப் பேர்களைச் சட்டத்தால் ஒழித்தார்கள், பேரை மட்டும். அவர்கள் 1922இல் கியோட்டோவில் கூடி சுயிஹெய்ஷா என்று தங்கள் சங்கத்தைக் கட்டினார்கள். இட்டோவின் படம் அதற்கு ஐந்து வருஷம் பின்னால் வந்தது. அதில் நாயகனாக முடிந்தது குடியானவன் வரைக்கும்தான். ஆக, சமூகக் கொள்ளையன் என்று ஹாப்ஸ்பாம் எழுதியதை இங்கே இறக்குமதி செய்கிற தோழர்கள் இதையும் யோசிக்க வேண்டும். பண்ணையாருக்கு எதிராக நிற்கிற குடியானவனை வைத்துப் போட்ட கணக்கு அது. ஊரும் சேரியுமாகப் பிளந்து கிடக்கிற இடத்தில் அந்தக் கணக்கு பாதியில் நின்றுவிடும். இங்கே குடியானவனே பல சமயம் பண்ணையார் பக்கம் நிற்கிறானே, என்ன செய்ய?

எங்கள் ஏனாத்தூர்ப் பக்கம், காஞ்சிபுரத்தைச் சுற்றிய ஊர்களில், பாரதம் வைத்தால் விடிய விடியக் கூத்து. எந்த ராத்திரிக்கு அதிகக் கூட்டம் என்று நினைக்கிறீர்கள்? கர்ண மோட்சம். ராஜகுமாரியின் வயிற்றில் பிறந்து, பெட்டியில் வைத்து ஆற்றில் விடப்பட்டு, தேரோட்டி வீட்டில் வளர்ந்தவன். மதுரை வீரனுக்கு மூத்த அண்ணன் அவன்தான். பார்ப்பதற்கு நம் ஜனங்கள் கூட்டமாய்ப் போவார்கள், கோணியை விரித்து ஓரமாய் உட்கார்ந்து அழுவார்கள். கர்ணனைச் சாதி சொல்லி அவமானப்படுத்துகிற இடத்தில் எங்கள் ஆயா மூக்கைச் சிந்திப் போடும். போட்டுவிட்டு ஒருநாள் சொன்னது: "இன்னாடா இது, அவன் நெசமாவே தேரோட்டி பெத்த புள்ளையா இருந்தா இவனுங்க திட்டுனது சரின்னு ஆயிடுமா?" பள்ளிக்கூட வாசல் மிதிக்காத ஆயா. திரைப்பட விமர்சனப் புத்தகங்களில் நான் தேடிக் கிடைக்காத கேள்வி.

ஆமாம், அதுதான் சங்கதி. 'அவன் உண்மையில் ராஜா மகன், தெரியாமல் அவமானப்படுத்திவிட்டார்கள்' என்று கதை சொன்னால், அவமானம் தப்பு இல்லை, ஆள் மாறிப்போனதுதான் தப்பு என்று அர்த்தம். சரியான விலாசத்துக்குப் போயிருந்தால் அந்த அவமானம் நியாயமே.

வீரனின் வேலை என்ன என்பதையும் கொஞ்சம் பார்க்க வேண்டும். கதைப்படி வளர்த்த அப்பனுக்குக் காவல் வேலை. பொம்மண நாயக்கன் மகள் பொம்மி வயதுக்கு வந்து குடிசையில் இருக்கிறாள், வெளியே காவல். கொட்டுகிற மழையில் அப்பனுக்குப் பதிலாக மகன் போகிறான். அங்கேதான் எல்லாம் ஆரம்பிக்கிறது. தீண்டாதவர்கள் யார் என்று அம்பேத்கர் 1948இல் புத்தகம் எழுதினார். அதில் அவர் சொல்வது: சண்டையில் சிதறிப்போன கூட்டத்தார் ஊருக்கு வெளியே குடிவைக்கப்பட்டார்கள், கொள்ளையடிக்க வருகிற நாடோடிக் கூட்டங்களிடமிருந்து ஊரைக் காவல் காப்பது அவர்கள் வேலை. இந்தக் கருத்தோடு வாதாடலாம், வாதாடியிருக்கிறார்கள். ஆனால் மதுரை வீரன் கதையைப் பக்கத்தில் வைத்துப் படித்துப் பாருங்கள். ஊருக்கு வெளியே இருப்பவன் ஊரைக் காக்கிறான். பிறகு மதுரையில் அவனுக்குக் கொடுத்த வேலை என்ன? அழகர் மலையில் கள்ளர்களை அடக்கு. பின்னாளில் வெள்ளைக்காரன் குற்றப் பரம்பரை என்று முத்திரை குத்திய ஜனங்கள்தான் அவர்கள். 1920 ஏப்ரலில் பெருங்காமநல்லூரில் சுடப்பட்டவர்களும் அந்த முத்திரையை எதிர்த்தவர்கள்தான். அரசாங்கத்துக்கு எப்போதும் இது சௌகரியம். ஒரு ஜனத்தை அடக்க இன்னொரு ஜனத்தின் கையில் வாளைக் கொடுப்பது, வேலை முடிந்ததும் அந்தக் கையை வெட்டுவது. திருடனைப் பிடிக்கப் போனவனையே திருடன் என்று பிடித்து மாறுகால் மாறுகை வாங்கினார்கள் என்கிறது கதை. காதலி வெள்ளையம்மாள், அரண்மனைப் பெண். குற்றம் திருட்டு இல்லை என்பது வெட்டியவனுக்கும் தெரியும்.

யாரைத் திருடன் என்பது? எங்கள் வீட்டிலேயே ஒரு திருடன் இருந்தார், என் சித்தப்பா. காஞ்சிபுரம் பட்டு என்றால் உலகத்துக்குத் தெரியும். கோர்வை போடுவது எப்படி என்று தெரியாது. புடவையின் உடல் ஒரு நிறம், கரை இன்னொரு நிறம். அந்தப் பக்கத்துக் கரைக்கு நாடாவைத் தள்ள ஒரு பையன் வேண்டும். தறிக்காரர் குழித்தறியில் உட்கார்ந்திருப்பார், பையன் பக்கத்தில் உட்கார்ந்து காலையிலிருந்து இருட்டுகிற வரைக்கும் நாடா போட்டுக்கொண்டே இருப்பான். வீட்டுக்கு முன்பணம் கொடுத்திருப்பார்கள். அந்தப் பணம் தீராது, அதுதான் அதன் லட்சணம். பதினோரு வயதில் சித்தப்பா தறியில் உட்கார்ந்தார், பதிமூன்றில் ஓடிப்போனார். முதலாளி ஆளோடு சேரிக்கு வந்து எங்கள் தாத்தாவை வெயிலில் நிறுத்தி, "உம் மவன் திருட்டுப் பயடா, என் பணத்த எடுத்துகினு ஓடிட்டான்" என்றார். சித்தப்பா பட்டணத்தில் மூட்டை தூக்கினார். எட்டு வருஷம் ஊர்ப்பக்கம் தலை காட்டவில்லை. பொங்கலுக்குக்கூட ராத்திரியில் வந்து ராத்திரியிலேயே போய்விடுவார். கொத்தடிமைக் கடன் செல்லாது என்று 1976இலேயே சட்டம் போட்டாகிவிட்டது. சட்டப்படி பார்த்தால் தேடப்பட வேண்டியவர் முன்பணம் கொடுத்தவர். ஒளிந்து வாழ்ந்ததோ நாடா போட்ட பையன். இந்தத் தறிப் பையன்களைப் பற்றித் தொண்ணூறுகளில் நிறைய எழுதினார்கள், பேசினார்கள், பிறகு பள்ளிக்கூடத்துக்கும் அனுப்பினார்கள், நல்லது. ஓடிப்போனவன் ஒருத்தனையாவது கதாநாயகனாக வைத்து யாராவது படம் எடுத்தார்களா? எடுக்க மாட்டார்கள். அவனுக்குக் குதிரை இல்லை.

இதே செங்கல்பட்டுச் சீமையில்தான் 1891இல் கலெக்டர் திரமென்ஹீர் பறையர்களின் நிலைமை பற்றி அறிக்கை எழுதினார். அதன்மேல் 1892இல் பஞ்சமருக்கு நிலம் கொடுக்க உத்தரவு ஆனது, மாகாணம் முழுக்கப் பன்னிரண்டு லட்சம் ஏக்கர் என்பார்கள். வேறு சாதியார் வாங்கினால் செல்லாது என்பது நிபந்தனை. வாங்கினார்கள். நூறு வருஷமாக வாங்கினார்கள். காரணையில் அந்த நிலத்தைத் திருப்பிக் கேட்ட ஜனங்கள் மேல், 1994 அக்டோபர் 10 அன்று செங்கல்பட்டில் போலீஸ் சுட்டது. ஜான் தாமஸ், ஏழுமலை இரண்டு பேரும் செத்தார்கள். சட்டத்தைக் கையில் பிடித்துக்கொண்டு போனவன் சட்ட விரோதி, சட்டத்தை மீறிப் பட்டா வாங்கியவன் ஊர்ப் பெரிய மனுஷன். இந்த ஊர்களில் உட்கார்ந்துகொண்டு சினிமாவைப் பற்றி மட்டும் பேச முடியாது.

பொம்மியைக் குதிரையில் ஏற்றிக்கொண்டு போன கதை இன்னும் நடந்துகொண்டுதான் இருக்கிறது. குதிரை மட்டும் பஸ்ஸாகிவிட்டது. இளவரசன் 2013 ஜூலையில் தர்மபுரியில் தண்டவாளத்தின் ஓரம் கிடந்தார். கோகுல்ராஜ் 2015 ஜூனில், அவரும் தண்டவாளத்தில். உடுமலை சங்கரை 2016 மார்ச்சில் பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் பட்டப்பகலில் வெட்டினார்கள். யாருக்கும் காசியிலிருந்து ஓலை வரவில்லை. வீரன் பிறப்பைப் பற்றி ஏன் இவ்வளவு மல்லுக்கட்டுகிறாய், செத்த கதைதானே என்று கேட்கிற நண்பர்களுக்கு என் பதில் இந்த மூன்று பேர்கள்தான். மேல் சாதிப் பெண்ணை விரும்புகிறவன் ரகசியமாகவாவது மேல் சாதியாக இருக்க வேண்டும் என்று அறுபது எழுபது வருஷமாக ஒரு ஜனத்துக்குக் கொட்டகையில் பாடம் நடத்தியிருக்கிறார்கள். வெட்டுகிறவனும் அந்தக் கொட்டகையில்தான் உட்கார்ந்திருந்தான், பெஞ்சிலோ சேரிலோ. நாம் மணலில்.

படம் பல ஊர்களில் நூறு நாள் ஓடியது. ஓட வைத்தது யார்? நம் ஜனங்களும்தான். அதை நான் கேவலமாகச் சொல்லவில்லை. தரை டிக்கெட்டில் உட்கார்ந்த ஜனம் காசி ராஜா வருகிற நேரத்தில் பீடி பற்றவைத்துக்கொண்டிருக்கும். என்.எஸ்.கே. குழந்தையைக் கையில் எடுக்கிற இடத்திலிருந்துதான் அவர்களுக்குப் படம் ஆரம்பம். வேண்டியதை எடுத்துக்கொண்டு, வேண்டாததைக் கொட்டகையிலேயே துப்பிவிட்டு வருகிற பழக்கம் நம் ஜனங்களுக்கு உண்டு. எம்.எஸ்.எஸ்.பாண்டியன் 1992இல் எம்.ஜி.ஆர். பிம்பத்தைப் பற்றி எழுதிய புத்தகம் அந்தப் பிம்பம் எப்படி ஏழைகளைக் கட்டிப்போட்டது என்று விளக்கியது. அவசியமான புத்தகம். கட்டிப்போட்ட கயிற்றில் எத்தனை முடிச்சை ஜனங்கள் ரகசியமாக அவிழ்த்தார்கள் என்பதை யாராவது எழுத வேண்டும். ஆனால் ஜனங்கள் அவிழ்த்துக்கொள்கிறார்கள் என்பதற்காகக் கட்டியவனுக்கு மாலை போட வேண்டுமா?

அந்த 1956ஆம் வருஷத்தை இன்னொரு காரணத்துக்காகவும் நினைவில் வைத்திருக்கிறோம். அக்டோபர் 14 அன்று நாகபுரியில் லட்சக்கணக்கான ஜனங்களோடு அம்பேத்கர் இந்து மதத்தை விட்டு வெளியேறினார். பிறவியை வைத்து ஆளைத் தீர்மானிக்கிற சட்டத்துக்கு வெளியே, தன் காலால் நடந்து போனார். அவரையும் எந்த ராஜா வீட்டோடும் முடிச்சுப் போட முடியவில்லை. டிசம்பர் 6 அன்று காலமானார். அந்த வருஷம் தமிழ்நாட்டுத் திரைக்கு வேண்டியிருந்த தீண்டப்படாத வீரன், காசி ராஜா பிள்ளை.

இப்போது நிலைமை மாறவில்லையா என்றால் கொஞ்சம் மாறியிருக்கிறது. மாரி செல்வராஜின் 'கர்ணன்' 2021இல் வந்தது. பேரைப் பாருங்கள். பெட்டியில் வைத்து ஆற்றில் விட்ட ராஜகுமாரனின் பேர். படத்தில் குந்தி இல்லை, பெட்டி இல்லை. அந்தப் பிள்ளை அந்த ஊர்ப் பிள்ளை. பஸ் நிற்காத ஊர், போலீஸ் புகுந்து அடித்து நொறுக்குகிற ஊர். பார்த்தவர்கள் 1995இன் கொடியன்குளத்தை நினைத்துக்கொண்டார்கள். அவன் வாள் எடுக்கிறான், ஜெயிலுக்குப் போகிறான், திரும்பி வருகிறான். எங்கள் ஆயா இருந்திருந்தால் மூக்கைச் சிந்தாமல் பார்த்திருக்கும். அதிலும் எனக்குச் சண்டை உண்டு, வாளையும் குதிரையையும் விட்டால் நமக்கு வீரமே கிடையாதா என்று. அதை வேறொரு சமயம் வைத்துக்கொள்ளலாம்.

மதுரை மீனாட்சி கோயில் கிழக்குக் கோபுர வாசலில் வீரனுக்குச் சந்நிதி இருக்கிறது. வாசலில்தான். செத்த பிறகும் காவல் வேலை. அந்தக் கோயிலுக்குள் தாழ்த்தப்பட்டவர்கள் நுழைந்தது 1939 ஜூலை 8 அன்று, வைத்தியநாதய்யர் கூட்டிப்போக, கக்கனும் இன்னும் சிலரும். அதுவரைக்கும் வீரனைப் பெற்ற ஜனங்கள் அந்த வாசலைத் தாண்ட முடியாது. காசி ராஜா மகனுக்கு ஏன் வாசலில் இடம்? உள்ளே அல்லவா கூப்பிட்டிருக்க வேண்டும்? கதையை எழுதினவனுக்கு மறந்துபோனது கோயில் கட்டினவனுக்கு மறக்கவில்லை. அவன் யார் பிள்ளை என்று கல்லுக்குத் தெரியும்.

அருந்ததியத் தோழர்கள் வீரனைத் தங்கள் முன்னோர் என்று உரிமை கேட்டு எழுதுகிறார்கள், ஊர்வலம் போகிறார்கள். 2009இல் அவர்களுக்கு உள் ஒதுக்கீடு வந்தபோது முகம் சுளித்த மற்ற தலித் நண்பர்கள், வீரனை மட்டும் 'நம் பொது வீரன்' என்று பேசுவதைக் கேட்டிருக்கிறேன். ஒதுக்கீட்டில் பங்கு கிடையாது, சாமியில் மட்டும் பங்கு வேண்டுமா? காசி ராஜா செய்ததற்கும் இதற்கும் தூரம் அதிகமில்லை. செருப்புத் தைத்தவர் பிள்ளை என்று முழு வாக்கியமாகச் சொல்லிவிட்டு அப்புறம் பொது வீரன் என்று சொல்லுங்கள், கேட்டுக்கொள்கிறோம்.

செய்ய வேண்டிய காரியம் ஒன்று இருக்கிறது. எங்கள் பக்கத்தில் ஆடி மாதம் வீரனுக்குப் படையல் போடும்போது உடுக்கை அடித்துக் கதை பாடுகிற பெரியவர் ஒருவரிடம் போன வருஷம் கேட்டோம், "காசி இல்லாம பாடு பெரியப்பா, மழையில காவலுக்குப் போற எடத்துல இருந்து ஆரம்பி" என்று. அவர் உடுக்கையைக் கீழே வைத்துவிட்டு, "காசி இல்லாம பாடுவாங்க, எங்கப்பன் காலத்துல பாடுனத கேட்டுகிறேன். எனக்கு அது வராது. புஸ்தகம் வந்த பெறவு நான் புஸ்தகத்தப் பாத்துக் கத்துகினவன்" என்றார். அவருடைய அப்பா பாடியது எங்கே போனது? இன்னும் நாலு பேரிடமாவது அந்தப் பாட்டு இருக்கும். திருச்சிப் பக்கம், மதுரைப் பக்கம், சேலம் கோவைப் பக்கம் இருக்கிற தோழர்கள் உங்கள் ஊர்ப் பூசாரிகளிடம், கிழவிகளிடம் போய்க் கேளுங்கள். காசி இல்லாமல் யாராவது பாடினால் ஒரு வார்த்தை திருத்தாமல் எழுதிக்கொள்ளுங்கள், ஒலிப்பதிவு செய்துகொள்ளுங்கள், கையில் இருக்கிற போனே போதும். பாடினவர் பேர், ஊர், எந்த வருஷம் யாரிடம் கற்றது என்பதையும் அவர் சம்மதித்தால் சேர்த்து அனுப்புங்கள்.